எதிர்வீட்டு ஜன்னல்

அன்புள்ள விசாலாட்சி,

உன் கடிதம் வந்து மூன்று வாரம் ஆகிறது. தாமதத்துக்கு என் முழங்கால்தான் காரணம். ஆபரேஷன் முடிந்து, இப்போது வாக்கரைப் பிடித்துக்கொண்டு கூடத்துக்கும் அடுக்களைக்கும் ஊர்வலம் போகிறேன். நேரம் போக வேண்டுமே என்று மருமகள் ஒரு பழைய அமெரிக்கத் தொடரைப் போட்டுக் கொடுத்துவிட்டு ஆபீஸ் போகிறாள். 'பிவிட்ச்ட்' என்று பேர், 1964-ல் ஆரம்பித்தது. மாயக்காரி ஒருத்தி விளம்பரக் கம்பெனிக்காரனைக் கட்டிக்கொண்டு, மாயம் செய்யாமல் குடித்தனம் நடத்தப் படாதபாடு படுகிற கதை.

கதாநாயகி நல்ல அழகி. ஆனால் நான் காத்துக்கொண்டிருப்பது எதிர்வீட்டு கிளாடிஸ் க்ராவிட்ஸ் வருவதற்குத்தான். ஜன்னல் வழியாக எந்நேரமும் அவளுக்கு ஒரு கண் மாயக்காரி வீட்டின் மேலேதான். காலி வீட்டுக்குள் சோபா தானாக முளைக்கும். "ஆப்னர்!" என்று கீச்சுக்குரலில் ஒரு கத்தல். புருஷன் அலுத்துக்கொண்டு எழுந்து வருவதற்குள் அங்கே ஒன்றும் இருக்காது. அந்தத் தெருவிலேயே உள்ளதை உள்ளபடி சொல்கிறவள் அவள் ஒருத்திதான், பைத்தியப் பட்டமும் அவளுக்குத்தான்!

நடித்தவள் பேர் ஆலிஸ் பியர்ஸ். சின்ன வயதில் ஊஞ்சலிலிருந்து விழுந்ததில் மோவாய் சரியாக வளராமலே போனதாம். வேறொருத்தியாக இருந்தால் முந்தானையால் மறைத்துக்கொண்டு மூலையில் உட்கார்ந்திருப்பாள். இவள் அந்த முகத்தை வைத்தே பிழைத்தாள். 1944-ல் நியூயார்க்கின் பிராட்வே மேடையில் 'ஆன் தி டவுன்' நாடகத்தில் ஓயாமல் தும்முகிற பெண்ணாக வந்தாள். 1949-ல் நடிகர் ஜீன் கெல்லி அதைப் படமாக எடுத்தபோது, மேடையில் நடித்தவர்களில் இவளை மட்டும்தான் வைத்துக்கொண்டார்கள். தும்மலுக்கு இருந்த மவுசைப் பார்!

கிளாடிஸாக நடிக்க வந்தபோதே தனக்குச் சினைப்பையில் புற்றுநோய் என்று அவளுக்குத் தெரியும். கூட நடித்தவர்களிடம் மூச்சு விடவில்லை. இரண்டாம் வருஷத்துக் காட்சிகளில் ஆள் மெலிந்திருப்பது நன்றாகத் தெரிகிறது, குரல் மட்டும் இறங்கவில்லை. 1966 மார்ச்சில் போய்விட்டாள், 48 வயதில். மே மாதம் அவளுக்கு எம்மி விருதை, அங்கே டிவிக்காரர்களுக்குக் கொடுக்கிற பெரிய விருதை, அறிவித்தார்கள், புருஷன்தான் போய் வாங்கினார். தொடர் கலருக்கு மாறியது அதற்குப் பிறகு. அவள் கிளாடிஸ் கறுப்பு வெள்ளையோடு நின்றுவிட்டாள். அடுத்து வந்த சாண்ட்ரா கூல்டும் கெட்டிக்காரிதான், ஆனாலும் என் மனசு ஒப்பவில்லை.

அதே தொடரில் கிளாரா அத்தை என்று ஒரு கிழவி, மந்திரமெல்லாம் பாதியில் மறந்துபோகும். அந்த மேரியன் லோர்னுக்கும் இதே கதை. 1968 மே மாதம் இறந்தாள், பத்தே நாளில் எம்மி. கிளாரா அத்தைக்குக் கதவுக் குமிழ் சேர்க்கிற பைத்தியம். நிஜத்திலும் அவள் குமிழ் சேர்த்தவளாம், தன் வீட்டிலிருந்தே கொண்டுவந்து நடித்திருக்கிறாள்.

கிளாடிஸைப் பார்க்கும்போதெல்லாம் உன் ஞாபகம்தான். கல்லூரி நாடகத்தில் உனக்கு வேலைக்காரி வேஷம், நாலே வரி வசனம். துடைப்பத்தோடு கதவுக்குப் பின்னால் நின்று நீ ஒட்டுக்கேட்டதற்கு அரங்கமே சிரித்ததே, ராணியாக நின்ற எனக்கு வசனமே மறந்துபோனது. அன்றைக்கு எடுத்த போட்டோ உன்னிடம் இருந்தால் அனுப்பு. என்னிடம் இருப்பதில் உன் துடைப்பம் மட்டும்தான் தெரிகிறது, உன்னை மறைத்துக்கொண்டு நிற்பது நான்.

அன்புடன்,
கோமதி