‘போகவில்லை’க்குள் இருக்கும் ‘டிட் நாட் கோ’

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நாளிதழ்களில் வரும் ஆங்கிலப் பயிற்சிப் பகுதிகளைக் கத்தரித்து நோட்டில் ஒட்டிவைத்துப் படிக்கிறவர்கள் பலர் உண்டு. பிழை ஒரு பக்கம், திருத்தம் ஒரு பக்கம் என்று அச்சாகும் அந்தப் பட்டியல்களில் முக்கியமான ஒன்று விடுபடுகிறது. அந்தப் பிழை எங்கிருந்து வந்தது என்பதை யாரும் சொல்வதில்லை. கூடவே ‘தமிழை மறந்துவிட்டு ஆங்கிலத்திலேயே யோசியுங்கள்’ என்ற அறிவுரை வேறு. இதை என்னால் ஏற்க முடியவில்லை. தமிழ் பேசுகிறவர்கள் ஆங்கிலத்தில் செய்யும் பல பிழைகளுக்குத் தமிழிலேயே மருந்து இருக்கிறது.

‘ஐ டிட் நாட் வென்ட்’ என்ற பிழையைப் பாருங்கள். ‘டிட்’ வந்தால் வினையின் முதல் வடிவம்தான் வர வேண்டும் என்று மனப்பாடம் செய்தவர்கூட பேசும் வேகத்தில் இங்கே சறுக்குகிறார். ஆனால் ‘போனேன்’ என்பதன் எதிர்மறையாக ‘போனவில்லை’ என்று தமிழில் யாராவது சொல்கிறார்களா? ‘போகவில்லை’ என்றுதானே சொல்கிறோம். ‘இல்லை’ வந்ததும் வினை காலத்தை உதறிவிட்டு ‘போக’ என்று நிற்கிறது. ஆங்கிலத்திலும் காலத்தை ‘டிட்’ வாங்கிக்கொள்கிறது, ‘வென்ட்’ வெறும் ‘கோ’ ஆகிவிடுகிறது. இதை ஒருமுறை காட்டினால் போதும். கேள்வியில் மட்டும் தமிழ் கைகொடுக்காது. ‘போனாயா?’ என்பதில் இறந்தகாலம் அப்படியே இருப்பதால் ‘டிட் யூ வென்ட்?’ என்று வந்துவிடுகிறது. இதற்குத் தனியாகப் பயிற்சி வேண்டும்.

இதைவிடப் பெரிய தொல்லை ‘ஐ ஆம் ஹேவிங் டூ சிஸ்டர்ஸ்’, ‘ஐ ஆம் நாட் அண்டர்ஸ்டாண்டிங்’ வகை. எந்தெந்த வினைக்கு ‘இங்’ சேர்க்கக் கூடாது என்று நீளமான பட்டியல் கொடுப்பார்கள். படித்த வேகத்தில் அது மறந்தும் போகும். அதற்குப் பதில் தமிழ் வாக்கியம் ‘நான்’ என்று தொடங்குகிறதா, ‘எனக்கு’ என்று தொடங்குகிறதா என்று பாருங்கள். எனக்குத் தெரியும், எனக்குப் புரிகிறது, எனக்குப் பிடிக்கும், எனக்கு வேண்டும், எனக்கு இரண்டு அக்கா இருக்கிறார்கள். இவற்றுக்கு ஈடான ‘நோ’, ‘அண்டர்ஸ்டாண்ட்’, ‘லைக்’, ‘வான்ட்’, ‘ஹேவ்’ ஆகிய ஐந்துமே பொதுவாக ‘இங்’ ஏற்காதவை. ‘ஐ ஆம் ஹேவிங் லஞ்ச்’ மட்டும் எப்படிச் சரி என்று கேட்பவருக்கும் இதிலேயே பதில் இருக்கிறது. அங்கே ‘ஹேவ்’ என்றால் சாப்பிடுவது. ‘நான் சாப்பிடுகிறேன்’ என்று ‘நான்’ வந்துவிடுகிறது. ‘ஹியர்’, ‘லிசன்’ குழப்பமும் இப்படியே தீரும். ‘எனக்குக் கேட்கிறது’ என்றால் ‘ஐ கேன் ஹியர்’. ‘நான் கேட்டுக்கொண்டிருக்கிறேன்’ என்றால் ‘ஐ ஆம் லிசனிங்’. இந்தச் சோதனைக்கு அடங்காதவையும் உண்டு. ‘நான் நம்புகிறேன்’ என்று சொன்னாலும் ‘பிலீவ்’ என்ற சொல் ‘இங்’ ஏற்பதில்லை.

‘சின்ஸ்’, ‘ஃபார்’ இரண்டுக்கும் தமிழில் தனித்தனி உருபே இருக்கிறது. ‘2019-லிருந்து’ என்று தொடக்கத்தைச் சொன்னால் ‘சின்ஸ்’. ‘ஐந்து வருடமாக’ என்று அளவைச் சொன்னால் ‘ஃபார்’. ஆனால் வினையில் தமிழ் நம்மை ஏமாற்றும். ‘ஐந்து வருடமாக இங்கே வேலை பார்க்கிறேன்’ என்று நிகழ்காலத்தில் சொல்லிப் பழகியதால்தான் ‘ஐ ஆம் வொர்க்கிங் ஹியர் சின்ஸ் ஃபைவ் இயர்ஸ்’ என்று வருகிறது. ஒரே வாக்கியத்தில் இரண்டு பிழை. ‘ஐ ஹேவ் பீன் வொர்க்கிங் ஹியர் ஃபார் ஃபைவ் இயர்ஸ்’ என்பதே சரி.

‘எ’, ‘தி’ பற்றி ‘தமிழில் இதெல்லாம் கிடையாது, பழகப் பழக வரும்’ என்று கைவிரிப்பவர்கள் அதிகம். சொல்லாகக் கிடையாதுதான். ஆனால் ‘புத்தகம் வாங்கினேன்’ என்பதற்கும் ‘புத்தகத்தை வாங்கினேன்’ என்பதற்கும் உள்ள வித்தியாசம் எல்லோருக்கும் தெரியும். முதலாவது ஏதோ ஒரு புத்தகம்: ‘எ புக்’. இரண்டாவது நாம் ஏற்கெனவே பேசிக்கொண்டிருந்த புத்தகம்: ‘தி புக்’. செயப்படுபொருளாக வரும் அஃறிணைப் பெயர்களுக்கு, ‘புத்தகத்தை’ என்பதன் முடிவில் உள்ள இந்த ‘ஐ’ உருபு நல்ல வழிகாட்டி. மனிதர்களுக்கு ஒத்துவராது, ‘ஒரு டாக்டரைப் பார்த்தேன்’ என்பதிலும் ‘ஐ’ வந்துவிடுகிறதே.

‘எ’, ‘அன்’ தேர்வு முழுக்கக் காதைப் பொறுத்தது. ‘எ யுனிவர்சிட்டி’, ‘அன் அவர்’ (ஒரு மணி நேரம்) என்று எழுத்தைப் பார்க்காமல் ஒலியைப் பார்க்க வேண்டும். இங்கே ஒரு நுணுக்கம் உண்டு. பேச்சுத் தமிழில் ‘எழுது’ என்பது ‘யெழுது’ ஆவதுபோல, எம்எல்ஏ என்பதும் ‘யெம்மெல்லே’ ஆகிவிடுகிறது. உயிரொலி காதில் விழாததால் ‘அன் எம்எல்ஏ’ என்பதற்குப் பதில் ‘எ எம்எல்ஏ’ என்று எழுதுகிறார்கள். உச்சரிப்பைத் திருத்தினால் எழுத்து தானாகத் திருந்தும்.

எல்லாவற்றையும் பிழை என்று ஒதுக்கவும் வேண்டாம். குறித்த நாளுக்கு முன்பே நடத்துவதைச் சொல்லும் ‘ப்ரீபோன்’ நம் நாட்டு வழக்கு என்ற குறிப்போடு ஆக்ஸ்போர்டு அகராதியிலேயே இருக்கிறது. அதற்காக மாணவரைக் கூச வைப்பது நியாயமில்லை.

பயிற்சிப் பகுதியில் பிழை, திருத்தம் என்ற இரண்டு பத்திகளோடு, பிழைக்குக் காரணமான தமிழுக்கென்று மூன்றாவது பத்தி ஒன்றையும் சேர்க்குமாறு கேட்டுக்கொள்கிறேன். அதிக இடம் பிடிக்காது. ‘டிஸ்கஸ் அபவுட்’ என்ற பிழைக்கு நேரே ‘பற்றி’ என்ற ஒரு சொல் போதும். ‘டோல்ட் டு மீ’ என்பதற்கு ‘என்னிடம்’. ‘மேரீட் வித் ஹர்’ என்பதற்கு ‘அவளோடு’.

இப்படிக்கு,
ஆங்கில ஆசிரியர் ஒருவர்