கேம் ஓடும் என்று சொல்லி விற்பவர்களுக்கு: திருகோணமலை டிவி பொக்ஸ் வியாபாரிகளுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய கடை முதலாளிமாருக்கும், கொழும்பிலிருந்து சாமான் இறக்கி எங்கள் ஊர்க் கடைகளுக்குக் கொடுக்கும் விநியோகஸ்தர்களுக்கும்,

வணக்கம்.

டிவியோடு இணைத்து இணையப் படமும் அப்பும் ஓட்ட நீங்கள் விற்கும் டிவி ஸ்டிக்கும் டிவி பொக்ஸும் எப்படிப்பட்டவை என்று உங்களுக்குத் தெரியும். ஆகவே முன்கதை வேண்டாம். கடந்த வாரம் மூதூரிலிருந்து பஸ் ஏறி வந்த ஒரு தாய், பிள்ளைகள் கேம் விளையாடலாம் என்று சொல்லி விற்ற பெட்டியை நகரக் கடையொன்றுக்குத் திருப்பிக் கொண்டுவந்தார். "சீல் உடைச்சாச்சு, இனி எடுக்க ஏலாது" என்பதே கிடைத்த பதில். வாங்கும்போது ஒருக்கால் திறந்து காட்டச் சொல்லி அவர் கேட்டபோது, "சீல் உடைச்சா எடுத்தே ஆகவேணும்" என்று சொன்னதும் அதே கடைதான். திறக்காமல் பிழை தெரியாது. திறந்துவிட்டால் பொறுப்பில்லை. இப்படி விற்றால் வாங்கியவர் யாரிடம் போய் நியாயம் கேட்பது?

எங்கள் கோரிக்கை ஒன்றுதான். கேம் ஓடும் என்று சொல்லி ஒரு பெட்டியை விற்பதானால், கடையிலேயே ஒரு கேமை இருபது நிமிடம் ஓட்டிக் காட்டுங்கள். அதில் உண்மையாக மிஞ்சும் இடம் எத்தனை ஜிபி, ரேம் (ஓடும்போது பாவிக்கும் நினைவகம்) எத்தனை, இயங்குதளம் எது, அது 32 பிட் வகையா 64 பிட் வகையா என்ற நாலு விவரத்தையும் பற்றுச்சீட்டில் எழுதிக் கொடுங்கள்.

இருபது நிமிடம் ஏன் என்று கேட்பீர்கள். நீங்கள் இப்போது காட்டுவது யூடியூப்பில் ஒரு பாட்டு. பாட்டு ஓடினால் கேமும் ஓடும் என்று அர்த்தமில்லை. காணொளியை விரித்துக் காட்டுவதற்கென்றே சிப்பில் தனிப் பகுதி இருக்கிறது. மலிவான பெட்டிகூட அந்த வேலையைச் சிரமமில்லாமல் செய்யும். கேம் தொடங்கினால்தான் கணக்குப் போடும் சிபியூவும் படம் வரையும் ஜிபியூவும் முழு மூச்சில் வேலை செய்யும், வைஃபையும் புளூடூத்தும் அதோடு சேரும். மின் குறைவோ சூடோ இருந்தால் அப்போதுதான் வெளியே வரும்.

முதலில் இடத்தைச் சொல்கிறோம், வீடுகளில் கண்ணீர் வருவது அங்கேதான். 8 ஜிபி என்று அச்சிட்ட ஸ்டிக்கில் 8 ஜிபி கையில் கிடைக்காது. கூகுள் டிவியோடு வந்த குரோம்காஸ்ட் 8 ஜிபிதான், அதில் பாவனைக்கு மிஞ்சுவது ஏறத்தாழ 4.4 ஜிபி. மற்ற 8 ஜிபி ஸ்டிக்குகளின் நிலைமையும் கிட்டத்தட்ட இதுதான். படம் பார்க்க நாலைந்து அப் போட்டு, அவை ஒரு மாதம் தங்கள் குப்பையைச் சேர்த்தபின் இரண்டு ஜிபி மிஞ்சினால் பெரிய காரியம். கார் ஓட்டப் பந்தயக் கேம் ஒன்று ஸ்டோரில் சிறிய கோப்பாகத்தான் தெரியும். இறக்கித் திறந்தபிறகுதான் மீதித் தரவை உள்ளிருந்தே இழுக்கத் தொடங்கும். இறக்கிய பொதிக்கும் அது விரிந்து நிற்பதற்கும் சேர்த்து இடம் வேண்டும்.

இப்போது அந்த வீட்டை நினைத்துப் பாருங்கள். இணையம் நாலு ஜி ரௌட்டரில் வருகிறது. பகல் தரவு பிள்ளைகளின் படிப்புக்குப் போய்விடும். ஆகவே தாய் இரவுத் தரவு தொடங்கும் 12 மணிவரை விழித்திருந்து, டிவியைப் போட்டு, டவுன்லோடை அழுத்திவிட்டுப் படுக்கிறார். காலையில் பிள்ளைகள் ஓடிவந்து பார்த்தால், திரையில் "இடம் போதாது" என்ற ஒரு வரி. அதற்குள் இறங்கிய அவ்வளவு தரவும் வீண். யாரோ சொன்னதைக் கேட்டு கேமை அழித்து அடுத்த இரவும் போடுகிறார், மூன்றாம் இரவும் போடுகிறார். மாதப் பொதி தீர்ந்தது, கேம் வரவில்லை. "4.4 ஜிபிதான் மிஞ்சும், இதில் சின்னக் கேம்தான் ஓடும்" என்று விற்கும்போதே ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அந்தத் தாய் மூன்று இரவு கண் விழித்திருக்கத் தேவையில்லை.

128 ஜிபி என்று ஒட்டி வரும் பெயரில்லாத பெட்டிகளைப் பற்றிக் கோபப்படாமல் எழுத முயல்கிறோம். செட்டிங்ஸில் 128 என்று காட்டுவது ஆதாரமாகாது. மென்பொருளில் அந்த எண்ணை மாற்றி எழுதலாம், எழுதித்தான் அனுப்புகிறார்கள். உண்மையை அறிய வழி சுலபம்: ஒரு பென் டிரைவில் பெரிய காணொளிக் கோப்புகளைக் கொண்டுபோய்ப் பெட்டிக்குள் திரும்பத் திரும்பப் பிரதி எடுங்கள். உண்மையான கொள்ளளவு முடியும் இடத்தில் பிரதி நின்றுவிடும், அல்லது முதலில் போட்ட கோப்பு ஓடாமல் போகும். போலி மெமரி கார்டும் இதையே செய்கிறது. இடம் முடிந்ததும் பழைய தரவின் மேலேயே எழுதிக்கொண்டு போகும். கார்டை எச்2டெஸ்ட்டபிள்யூ அல்லது எஃப்3 என்ற இலவச மென்பொருளால் முழுக்க எழுதி, முழுக்க வாசித்துப் பார்க்கலாம். ஒரு தொகுதி வந்திறங்கும்போது ஒரேயொரு பெட்டியை இப்படிச் சோதிப்பது விநியோகஸ்தருக்குப் பெரிய பாரமல்ல.

அடுத்தது மின்சாரம். அமேசானின் ஃபயர் டிவி ஸ்டிக்கோடு வரும் அடப்டர் 5 வோல்ட், 1 அம்பியர். 4கே குரோம்காஸ்டோடு வந்தது 5 வோல்ட், 1.5 அம்பியர். டிவியின் பின்பக்கத்து யூஎஸ்பி 2.0 துவாரம் நியமப்படி தருவது அரை அம்பியர்தான். "அடப்டர் தேவையில்லை, டிவியிலேயே குத்துங்கோ" என்று கவுன்டரில் சொல்லி அனுப்புகிறீர்கள். படம் பார்க்கும்வரை அது சமாளிக்கும். கேம் தொடங்கி இழுவை கூடியதும் வோல்ட் இறங்கி ஸ்டிக் தானாக அணைந்து மறுபடி எழும்பும். வீட்டில் உள்ளவர்கள் கேமில்தான் பிழை என்று நினைத்து அழித்துத் திரும்பவும் இறக்குகிறார்கள். தயவுசெய்து அந்த வசனத்தை இனிச் சொல்லாதீர்கள். ஸ்டிக்கோடு வந்த அடப்டரை, அதோடு வந்த வயரிலேயே, சுவர் பிளக்கில் போடச் சொல்லுங்கள்.

சூடும் அப்படித்தான். கச்சான் காற்று அடிக்கும் மாதங்களில் இந்த ஊர் வீடுகளில் மாலை நாலு மணிக்கு டிவியின் பின்பக்கம் எப்படி இருக்கும் என்று உங்களுக்குச் சொல்லித் தரத் தேவையில்லை. விரல் அளவு பிளாஸ்டிக் உறைக்குள் விசிறியில்லாத சிப், சுவரோடு ஒட்டிய டிவிக்குப் பின்னால் காற்றோட்டமில்லாமல் தொங்குகிறது. பத்துப் பதினைந்து நிமிடத்தில் சிப் தன்னைக் காப்பாற்றிக்கொள்ள வேகத்தைக் குறைக்கும். கார் வெட்டி வெட்டி ஓடும். ஏசி போட்ட கடையில் இரண்டு நிமிடம் காட்டினால் இது தெரியாது. ஒரு குட்டி எச்டிஎம்ஐ நீட்டிப்பு வயர் போட்டு ஸ்டிக்கை டிவியின் ஓரத்துக்கு வெளியே எடுத்துவிட்டால் சூடும் குறையும், வைஃபையும் தெளிவாகக் கிடைக்கும். சில பெட்டிகளுக்குள் அந்த வயர் இலவசமாகவே வருகிறது. அது எதற்கென்று யாரும் சொல்வதில்லை.

இன்ஸ்டோல் ஆகாத கேம்களின் கதை வேறு. பல ஸ்டிக்குகளில் சிப் 64 பிட், மேலே போட்டிருக்கும் இயங்குதளம் 32 பிட். 64 பிட்டுக்கு மட்டும் செய்த கேமை அதில் போட்டால் "அப் நொட் இன்ஸ்டோல்ட்" என்று மட்டும் வரும், காரணம் வராது. பல துண்டாகப் பிரித்த எக்ஸ்ஏபிகே கோப்பை, அன்ட்ரொயிட் அப்பை நேரே நிறுவும் ஏபிகே கோப்பு என்று நினைத்துத் திறந்தாலும் பிழைச் செய்திதான். ஃபயர் டிவியில் ஸ்டோருக்கு வெளியிலிருந்து எடுத்த கேம் போட, செட்டிங்ஸில் மை ஃபயர் டிவி, அபௌட் என்று போய் ஸ்டிக்கின் பெயர்மேல் ஏழு தடவை அழுத்த வேண்டும். அப்போது டெவலப்பர் ஒப்ஷன்ஸ் தெரியும். அதற்குள் கோப்பை இறக்கும் அப்புக்கு அனுமதி கொடுக்க வேண்டும். இவ்வளவும் செய்து போட்டாலும் கைபேசிக்கென்று செய்த கேம் முகப்பு வரிசையில் தெரியாமல் போகலாம். தெரிந்தாலும் தொடுதிரையை எதிர்பார்த்து நிற்கும், ரிமோட்டுக்கு அசையாது. 2025இல் வந்த ஃபயர் டிவி ஸ்டிக் 4கே செலெக்ட் அன்ட்ரொயிட்டே அல்ல, வேகா என்ற வேறு இயங்குதளம். வெளியிலிருந்து ஏபிகே போடும் வழி அதில் இல்லை. அதையும் "எந்த அப்பும் போடலாம்" என்று சொல்லி விற்பது பிழை.

"10,000 கேம்" ஸ்டிக்குகளுக்கு வருவோம். அவை உரிமம் பெறாமல் பிரதியெடுத்த பழைய கேம்கள். ஒரே கேம் நாலு பெயரில் திரும்பத் திரும்ப வரும். எல்லாம் ஒரு மலிவுக் கார்டில் இருக்கிறது. விளையாடும்போது கரண்ட் போனால் அந்தக் கார்டு கெட்டுப் போகக்கூடும், கெட்டால் பத்தாயிரமும் ஒன்றாகப் போகும். குறைந்தது அந்தக் கார்டு பழுதானால் மாற்றித் தருவீர்களா என்பதையாவது எழுத்தில் கொடுங்கள்.

இதைவிடப் பெரிய விஷயம் ஒன்று உண்டு. கூகுளின் சான்று இல்லாத மலிவு அன்ட்ரொயிட் பெட்டிகளில் தொழிற்சாலையிலிருந்தே தீநிரல் ஏறி வருவதை 2023இல் ஆய்வாளர்கள் வெளிப்படுத்தினார்கள். பேட்பொக்ஸ் என்பது அதன் பெயர். 2025 ஜூனில் அமெரிக்காவின் புலனாய்வுத் துறையான எஃப்பிஐ இதன் அடுத்த வடிவம் பற்றிப் பொதுமக்களை எச்சரித்தது. அடுத்த மாதமே கூகுள் வழக்குப் போட்டது, ஒரு கோடிக்கு மேற்பட்ட கருவிகள் பாதிக்கப்பட்டதாகச் சொன்னது. இந்தத் தீநிரல் வழியாக, பெட்டி வாங்கிய வீட்டின் இணையத்தை முன்பின் தெரியாதவர்கள் களவாகப் பாவிக்கிறார்கள். சான்றுள்ள பெட்டியா என்று அறிய ஒரு சுலபமான அடையாளம் சொல்கிறோம்: ப்ளே ஸ்டோர் கைபேசியில் இருப்பதுபோலத் தெரிந்து, ரிமோட்டில் எலி அம்பு இல்லாமல் நகர முடியாவிட்டால், அது டிவிக்கென்று கூகுள் செய்த அன்ட்ரொயிட் டிவி அல்ல. கைபேசி மென்பொருளைத் திணித்த பெட்டி.

குற்றம் முழுவதும் உங்கள் தலையில் இல்லை என்பதும் தெரியும். கேமைப் பெட்டியில் இறக்காமல் இணையம் வழியாகவே ஓட்டும் எக்ஸ்பொக்ஸின் கிளவுட் கேமிங், அமேசானின் லூனா போன்ற சேவைகள் இலங்கைக்குத் திறக்கப்படவில்லை. அவை வந்திருந்தால் ஸ்டிக்கில் இடமில்லாத குறை பாதி தீர்ந்திருக்கும். பெட்டிக்குள் வரும் துண்டுப் பிரசுரத்தில் சீனமும் உடைந்த ஆங்கிலமும் இருக்கும், தமிழும் இருக்காது சிங்களமும் இருக்காது. கேட்க ஆளில்லாத நாடு என்று நினைத்து அனுப்புகிறார்கள். ஆனால் கேட்க இடம் இருக்கிறது. 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபைச் சட்டத்தின் 30ஆம் பிரிவு, வாங்குபவரைப் பிழையாக வழிநடத்தும் வியாபாரத்தைத் தடுக்கிறது. வாங்கி மூன்று மாதத்துக்குள் அந்த அதிகார சபைக்கு எழுத்தில் முறையிடலாம், 1977 என்ற இலக்கத்துக்கு அழைக்கலாம். இதை மிரட்டலாக எழுதவில்லை. நாளைக்கும் உங்கள் கடைகளில்தான் நாங்கள் சாமான் வாங்கப்போகிறோம். அங்கே போகாமல் இங்கேயே தீர்ந்தால் இரு பக்கத்துக்கும் நல்லது.

ஆகவே மறுபடியும் பணிவாகக் கேட்கிறோம். கடையின் ஒரு மூலையில் ஒரு சின்ன டிவி வையுங்கள். சுவர் பிளக்கில் சரியான அடப்டர், ஒரு எச்டிஎம்ஐ நீட்டிப்பு வயர், கேம் விளையாட ஒரு புளூடூத் கொன்ட்ரோலர். வைஃபையை 5 கிகாஹேர்ட்ஸில் விடுங்கள், 2.4இல் விட்டால் புளூடூத்தும் அதே அலைவரிசையில் முட்டி, பொத்தான் அழுத்திக் கொஞ்சம் பிந்தித்தான் கார் திரும்பும். பீச் பகி ரேசிங் என்ற கார்ப் பந்தயக் கேமைப் போடுங்கள். இலவசம், சிறியது, அன்ட்ரொயிட் டிவியிலும் ஓடும். இருபது நிமிடம் பிள்ளையே ஓட்டிப் பார்க்கட்டும். ஓடினால் நாலு விவரத்தையும் பற்றுச்சீட்டில் எழுதி விற்றுவிடுங்கள். ஓடாவிட்டால், இது படம் பார்க்க மட்டும் என்று சொல்லி அதற்குரிய விலைக்கு விற்றுவிடுங்கள்.

கொன்ட்ரோலர் இணைக்கும் முறையைத் தமிழில் ஒரு தாளில் அச்சிட்டுப் பெட்டியோடு கொடுங்கள். நாலு வரி போதும்: பிளேஸ்டேஷன் 4 (பிஎஸ்4) கொன்ட்ரோலர் என்றால் ஷெயரையும் பிஎஸ் பொத்தானையும், பிஎஸ்5 என்றால் கிரியேட்டையும் பிஎஸ் பொத்தானையும் வெளிச்சம் மின்னும்வரை சேர்த்து அழுத்தவும், புளூடூத் உள்ள எக்ஸ்பொக்ஸ் என்றால் மேலேயுள்ள சின்ன இணைப்புப் பொத்தானை, நடுவிலுள்ள வெளிச்சம் வேகமாக மின்னும்வரை அழுத்தவும், பிறகு டிவியின் செட்டிங்ஸில் புதிய கருவி சேர்க்கவும். தாளை எழுதித் தர நாங்கள் ஆயத்தம், காசு வேண்டாம்.

மூதூர்த் தாயின் பெட்டியைத் தயவுசெய்து திரும்ப எடுத்துக்கொள்ளுங்கள். மற்றதைத் தீபாவளி வியாபாரம் தொடங்குமுன் செய்து தாருங்கள்.

இங்ஙனம்,
டிவி பெட்டிகளைத் திருத்தியும் பொருத்தியும் கொடுப்போர் சிலர்,
திருகோணமலை