செல்விக்கு அம்மா எழுதுவது

அன்புள்ள செல்விக்கு,

போன் பண்ணினால் "அப்புறம் பேசுறேன்மா" என்று வைத்துவிடுகிறாய், அதனால்தான் எழுதுகிறேன். நீ சூப்பர்வைசர் ஆனதை அப்பா தெருவில் ஒருத்தர் விடாமல் சொல்லிவிட்டார். பட்டுப் பிரிவு முழுக்க உன் பொறுப்பு என்றால் சும்மாவா, எனக்கும் பெருமைதான். வேளாவேளைக்குச் சாப்பிடு.

மேலத்தெரு பேச்சி மகள் லீவுக்கு வந்திருக்கிறாள். உன் கடையில், உன் மாடியில்தான் அவளுக்கும் வேலை. திண்ணையில் காலை நீட்டி உட்கார்ந்தாள், கெண்டைக்கால் பூராவும் நரம்பு நீலநீலமாகப் புடைத்துச் சுருண்டு கிடக்கிறது, இந்த வயதில். சரசு சித்தி கால் ஞாபகம் இருக்கிறதா உனக்கு? ஆளே வராத மத்தியான நேரத்திலும் உட்காரக் கூடாதாம், சுவரில் சாயக் கூடாதாம், சாய்ந்தால் பெயரை எழுதிச் சம்பளத்தில் பிடிப்பார்களாம். யார் எழுதுவது என்று கேட்டேன். பேச்சை மாற்றிவிட்டாள்.

உட்கார்ந்தால் சேலை விற்காதா செல்வி? நம் ஊர் ஜவுளிக்கடை அண்ணாச்சி ஜமக்காளம் விரித்து, வந்தவர்களையும் உட்காரவைத்து, தானும் உட்கார்ந்துதானே முகூர்த்தப் பட்டு எடுத்துப் போடுவார், வியாபாரம் படுத்தா போயிற்று? ரிப்பன் கறுப்பில்தான் கட்ட வேண்டும் என்றதற்கு ஏன் டீச்சர் என்று கேட்டு வகுப்புக்கு வெளியே நின்றவள் நீ. இப்போது மேனேஜர் சொல்கிறார், முன்னால் இருந்தவர்களும் நின்றார்கள், அதனால் நின்றோம் என்று நீயும் நின்று, புதிதாக வருகிறவளையும் நிறுத்தினால் எப்படி?

கடையில் வேலை பார்க்கிறவர்களுக்கு உட்கார இடம் போட்டுத் தர வேண்டும் என்று 2021-லேயே நம் தமிழ்நாட்டில் சட்டத்தைத் திருத்தியாயிற்று. கேரளாவில் 2018-லேயே வந்துவிட்டது. கோழிக்கோட்டில் விஜி என்கிற தையல்கார அம்மாவும் அவர்களுடைய பெண்கூட்டு என்கிற பெண்கள் அமைப்பும் வருஷக்கணக்கில் போராடி வாங்கியது அது. அவர்களும் உங்களை மாதிரிக் கடையில் நின்றவர்கள்தான். சட்டம் உட்காரச் சொல்லியும் நிற்கிறீர்கள் என்றால் எனக்கு மனசு ஆறவில்லை.

உன் மாடியில் நாலு ஸ்டூல் போடச் சொல்லி மேனேஜரிடம் கேள். தனியாகக் கேட்கப் பயமாக இருந்தால் மற்ற மாடி சூப்பர்வைசர்களையும் சேர்த்துக்கொள். அதுவரைக்கும் அந்த நோட்டில் பிள்ளைகள் பெயரை எழுதாதே. அவர்கள் உட்கார்ந்தால் உட்காரட்டும். வேலை போய்விடுமோ என்று எங்களை நினைத்துப் பயப்படாதே, குழுக் கடன் தையோடு முடிகிறது.

வேளைக்குச் சாப்பிடு. ராத்திரி காலுக்குத் தலையணை வைத்துப் படு. ஞாயிற்றுக்கிழமை போன் பண்ணு, பேச்சி மகளைப் பற்றி நான் ஒன்றும் கேட்க மாட்டேன்.

அம்மா