வாங்கும் முன் பார்க்க விடுங்கள்

திரைப்படக் காப்பகப் பொறுப்பு அலுவலர் அவர்களுக்கு,

வணக்கம். மனு கொடுத்து, நினைவூட்டல் அனுப்பி, உங்கள் வராந்தா பெஞ்சிலும் உட்கார்ந்து பார்த்துவிட்டேன். இனி நாலு பேர் படிக்கட்டும் என்று இப்படி எழுதுகிறேன்.

விவரம் தங்களுக்குத் தெரியும். உங்கள் பதிவேட்டில் ‘தனுஷ்கோடி புயல், 1964, கறுப்பு வெள்ளை, ஒரு ரீல்’ என்று ஒரு வரி. பணம் கட்டாமல் பார்க்க முடியாது என்பது விதி. அந்த வரியை நம்பி, எங்கள் ஆவணப்படத்தில் சேர்க்க அந்த ரீலின் பிரதி கேட்டு, 18,000 ரூபாய்க்கு வரைவோலை எடுத்தேன். ஏழு மாதம் கழித்து ஹார்டு டிஸ்க் கைக்கு வந்தது.

ராமேஸ்வரம் எடுத்துப் போனேன். டிசம்பர் 22 இரவு கடல் ஏறி வந்தபோது தனுஷ்கோடியில் இருந்த மீனவப் பெரியவர் ஒருவர் எங்கள் படத்தில் பேசுகிறார். அவர் வீட்டுத் திண்ணையில் லேப்டாப்பை வைத்தேன். கண்ணாடியை வேட்டி நுனியில் துடைத்துப் போட்டுக்கொண்டு குனிந்து பார்த்தார். சாய்ந்த தென்னைகள், செத்த மாடுகள், கூரை போன கடை. மறுபடி போடச் சொன்னார். மூன்றாம் தடவை, “இது எங்க ஊரு இல்ல தம்பி. மணலையே காணோமே” என்றார். அப்புறம்தான் கடைப் பலகையைப் பெரிதாக்கிப் பார்த்தேன். தெலுங்கு. 1977இல் ஆந்திரக் கரையில் அடித்த திவிசீமைப் புயலாக இருக்க வேண்டும்.

உங்கள் அலுவலகத்தில் சொன்னதற்கு, “புயல்தானே சார் கேட்டீங்க?” என்றார்கள். பணம் கருவூலத்துக்குப் போய்விட்டதாம், திரும்ப வராதாம்.

சந்தையில் வெண்டைக்காயைக்கூட நுனி ஒடித்துப் பார்த்துத்தான் வாங்குகிறோம். குறுக்கே முத்திரை அடித்து, நேரம் காட்டும் எண்களை (டைம்கோடு) படத்தின் மேலேயே ஓடவிட்டு, மங்கலான பிரதி ஒன்றைக் காட்டினால் போதும். அதைத் திருடி யார் படத்தில் வைக்க முடியும்? ஸ்கேன் ஆகாத ரீல் என்றால் மேசையில் ஓட்டிக் காட்டுங்கள். உள் அறையில் பிலிம் ஓட்டிப் பார்க்கும் ஸ்டீன்பெக் மேசை ஒன்று உறை போட்டு நிற்கிறது, பார்த்தேன்.

ஏ.கே. செட்டியார் காந்தியைப் பற்றிய ஆவணப்படத்துக்காக நாடு நாடாகப் போய்ப் பிலிம் சேர்த்து, உலகப் போருக்கு நடுவே 1940இல் படத்தை வெளியிட்டும் விட்டார். எனக்கு உங்கள் அலுவலகம் இரண்டு பஸ் தூரம்தான்.

1931இல் வந்த முதல் தமிழ்ப் பேசும்படத்துக்கே ஒரு பிரதி மிஞ்சவில்லை. மிஞ்சிய பழைய டப்பாக்களைத் திறந்தால் வினிகர் நெடி மூக்கில் ஏறுகிறது. பிலிம் கெடும் வாடை அது. அசிடேட் என்ற அந்தக் காலத்துப் பிலிம் ஒரு தடவை கெட ஆரம்பித்தால் நிற்காது, பக்கத்து ரீலையும் கெடுக்கும். நாம் பதிவேட்டைப் பூட்டி வைத்துக்கொண்டு... மன்னிக்கவும், தங்களுக்குப் பாடம் எடுக்க வரவில்லை.

பணம் கட்டும் முன் பார்க்க விடுங்கள். அவ்வளவுதான் கேட்கிறேன். அதே அலமாரியில் 1964 என்று எழுதிய டப்பாக்கள் இன்னும் இரண்டு இருக்கின்றன; எண்களை மனுவில் குறித்திருக்கிறேன். ஒரு மணி நேரம் ஒதுக்கினால் போதும். பெரியவரையும் கூட்டி வருகிறேன். மணலைப் பார்த்ததும் சொல்லிவிடுவார்.

இப்படிக்கு,
பெஞ்சில் காத்திருக்கும் ஆவணப்படக்காரன்