நாலு கல் நிற்கும் மேடு

எப்பு வேல், வேல்ஸ்

அன்புள்ள தம்பிக்கு,

நான் சௌக்கியம். இங்கே சாயங்காலம் நாலு மணிக்கே இருட்டிவிடுகிறது, குளிர்தான் இன்னும் பழகவில்லை. நைட் டூட்டி முடிந்து வந்து, மிளகு ரசம் வைத்துச் சாப்பிட்டுவிட்டு இதை எழுதுகிறேன். இண்டர்வியூவில் பேர் சொல்லும்போதே வாய் திக்கிவிட்டதாம், இனி எதற்கும் போகமாட்டேன் என்றாயாம். அம்மா சொன்னதிலிருந்து எனக்கு மனசே சரியில்லை.

எங்கள் ஆஸ்பத்திரிக்கு அனைரின் பெவன் என்பவருடைய பேர். யாரோ பெரிய டாக்டர் என்றுதான் வந்த புதிதில் நினைத்தேன். வார்டில் ஒரு தாத்தா, சுரங்கத்தில் வேலை பார்த்து நெஞ்சு கெட்டுப்போனவர், மூச்சு வாங்க வாங்கச் சொன்னார்: "டாக்டர் இல்லம்மா, எங்களை மாதிரி கரி வெட்டினவர்."

பெவன் பக்கத்து ஊர் ட்ரெடெகரில் 1897-இல் பிறந்தவர். பதிமூன்று வயதில் சுரங்கத்துக்குள் இறங்கிவிட்டார். அவருடைய அப்பாவும் சுரங்கத் தொழிலாளிதான். நுரையீரலில் கரித்தூசி அடைந்து 1925-இல் இறந்துபோனார்.

தம்பி, அந்தப் பையனுக்கும் திக்குவாய். மலையில் நடந்துகொண்டே சத்தம் போட்டுப் பாட்டும் கவிதையும் சொல்லிப் பழகினாராம். ஒரு சொல் தொண்டையில் மாட்டினால் அதே பொருளுள்ள வேறு சொல்லால் தாண்டுவாராம். அதற்காகவே தொழிலாளர் நூலகத்துப் புத்தகங்களைத் தின்று தீர்த்தார். 1929-இல் எப்பு வேல் தொகுதியில் ஜெயித்து பார்லிமெண்டுக்குப் போனவர், 1960-இல் சாகும்வரை இதே தொகுதிதான். சர்ச்சிலையே எதிர்த்து நின்று பேசினவர்.

ட்ரெடெகரில் தொழிலாளர்கள் வாரக் கூலியில் கொஞ்சம் கொடுத்து மருத்துவச் சங்கம் ஒன்று நடத்தினார்கள். குடும்பத்துக்கே டாக்டர், மருந்து எல்லாம் அதிலிருந்து. அதை நாடு முழுக்கக் கொண்டுபோக வேண்டும் என்று நினைத்தார். 1945-இல் சுகாதார மந்திரி ஆனார். டாக்டர்கள் சங்கம் கடுமையாக எதிர்த்தது, ஆனாலும் 1948 ஜூலை 5 அன்று எல்லோருக்கும் இலவச வைத்தியம் தொடங்கிவிட்டது. முதல் நாள் இரவு ஒரு கூட்டத்தில் கோபத்தில் எதிர்க்கட்சிக்காரர்களைப் பெருச்சாளியைவிடக் கேவலம் என்கிற மாதிரி பேசிவிட்டார். அது எனக்குப் பிடிக்கவில்லை. ஆனால் மூன்று வருடம் கழித்து, பல்செட்டுக்கும் கண்ணாடிக்கும் கட்டணம் வாங்கப் போகிறோம் என்று சொந்த அரசே சொன்னபோது மந்திரி பதவியை உதறிவிட்டு வெளியே வந்தாரே, அது பெரிய காரியம்.

ஊரில் நான் வேலை பார்த்த தனியார் ஆஸ்பத்திரி உனக்கு ஞாபகம் இருக்குமே. ஸ்ட்ரெச்சரில் ஆள் கிடக்க, சொந்தக்காரர்கள் கவுண்டரில் நகையைக் கழற்றிக்கொண்டு நிற்பார்கள். இங்கே அந்தத் தாத்தா ஐந்து வாரமாகப் படுத்திருக்கிறார், பில் என்று ஒரு காகிதம் வரவில்லை.

போன வாரம் லீவு நாளில் பெவனுடைய நினைவுக் கற்கள் நிற்கும் மேட்டுக்குப் போனேன். அவருக்கு ஒரு பெரிய கல், அவர் தொகுதியின் மூன்று ஊர்களுக்கு மூன்று சின்னக் கல். திறந்தவெளியில் கூட்டம் கூட்டிப் பேசிய இடம். காற்று ஆளையே தள்ளுகிறது. பெரிய கல்லில் கை வைத்தேன், ஐஸ் மாதிரி இருந்தது. உன் பேரைச் சத்தமாக ஒருமுறை சொல்லிப் பார்த்தேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு, உங்கள் நேரத்துக்கு, போன் பண்ணுகிறேன். அம்மாவிடம் கொடுத்துவிடாதே, நீயே பேசு. எவ்வளவு நேரம் ஆனாலும் சரி, நடுவில் நான் எடுத்துக் கொடுக்கமாட்டேன்.

உன் அக்கா