பங்கும் பொங்கல் சீரும்

அன்புள்ள தோழிக்கு,

உன் கடிதம் கிடைத்தது. மருமகன் பாத்திரம் தேய்க்கிறார், குழந்தைக்குக் கால் கழுவி விடுகிறார், காலம் எவ்வளவு மாறிவிட்டது என்று பூரித்துப்போய் எழுதியிருக்கிறாய். எனக்கும் சந்தோஷம்தான், என் மகள் வீட்டிலும் காலைச் சமையல் மாப்பிள்ளைதான். ஆனால் நம் இரண்டு வீட்டை வைத்து ஊரே மாறிவிட்டதாகச் சொல்ல முடியாதடி. மத்திய அரசு 2024-ல் எடுத்த நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பில், வீட்டு வேலை செய்கிறவர்களில் பெண்கள் ஒரு நாளைக்குச் சராசரியாக 289 நிமிடமும் ஆண்கள் 88 நிமிடமும் அதற்குச் செலவிடுவதாக வந்திருக்கிறது. சரி, அது மெதுவாகவாவது நகரும். எனக்கு இப்போது மனசு முழுக்கச் சொத்து விஷயம்தான் ஓடுகிறது.

அப்பா போய் ஒரு வருஷம் ஆகப்போகிறது. லால்குடிப் பக்கம் தாத்தா வழியில் வந்த நஞ்சை, அப்பா கட்டிய வீடு, இரண்டையும் தன் பேருக்கு மாற்ற வேண்டும், வாரிசுச் சான்றிதழ் வாங்கியாச்சு, நானும் தங்கையும் எங்கள் பங்கை விட்டுக்கொடுக்கிறோம் என்று விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போடுவதுதான் பாக்கி என்று அண்ணன் போனில் சொன்னார். எங்களுக்குச் சம்மதமா என்று கேட்கவில்லை. நாள் கூடப் பார்த்து வைத்துவிட்டார்.

பத்திர எழுத்தரைப் போய்ப் பார்த்தோம். "நீங்க 89-க்கு முந்தியே கல்யாணமானவங்க, பூர்வீகத்துல உங்களுக்குப் பங்கு வராதும்மா, எதுக்கும் ஒரு கையெழுத்து" என்றார். என் கல்யாணம் 1987. அதனால் இந்தக் கதை எனக்கு மனப்பாடம். 1929-லேயே செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டில் பெண்ணுக்குச் சொத்துரிமை வேண்டும் என்று தீர்மானம் போட்டார்கள். பூர்வீகச் சொத்தில் மகனுக்குச் சமமாக மகளுக்கும் பிறப்புரிமை என்று தமிழ்நாட்டில் சட்டம் வர 1989 மார்ச் 25 வரை ஆனது. அதிலும் அந்தத் தேதிக்கு முன் மணமானவர்களை விட்டுவிட்டார்கள். 92-ல் கல்யாணமான தங்கைக்கு உண்டு, அதே வயிற்றில் பிறந்த எனக்கு இல்லை! 2005 செப்டம்பர் 9 முதல் மத்திய சட்டத் திருத்தம் இந்தக் கல்யாணக் கணக்கையே எடுத்துவிட்டது. அந்தத் தேதியில் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டுமா என்ற குழப்பத்தையும் 2020-ல் உச்ச நீதிமன்றம் தீர்த்து, மகளுக்கு உரிமை பிறப்பால் வருவது என்று சொல்லிவிட்டது. 2004 டிசம்பர் 20-க்கு முன்பே பாகப்பிரிவினை பதிவாகியிருந்தால் அதில் கை வைக்க முடியாது, ஆனால் எங்கள் வீட்டில் பாகமே பிரியவில்லை. அப்பா உயில் எழுதாததால் வீட்டில் 1956 இந்து வாரிசுரிமைச் சட்டப்படியே எங்களுக்குச் சம பங்கு. இதையெல்லாம் நான் சொல்லச் சொல்ல எழுத்தர் அண்ணன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"உனக்குத்தான் நகை போட்டு அனுப்பியாச்சே" என்கிறார் அண்ணன். அந்த நகை என் கையில் எத்தனை நாள் இருந்தது? மாமனார் போர்வெல் போட வளையல் போனது, நாத்தனார் கல்யாணத்துக்கு ஆரம் போனது, மிச்சம் அடகுக்கடைக்கும் வீட்டுக்குமாக அலைந்து தேய்ந்தது. எங்கள் பாட்டிக்கு அவள் அப்பா மஞ்சக்காணி என்று நிலமே எழுதி வைத்தார், அந்தக் குத்தகை நெல் கடைசிவரை பாட்டி கைக்குத்தான் வந்தது. அம்மா காலத்தில் அது நகையானது, நம் காலத்தில் நகையோடு பீரோ, கட்டில், ஸ்கூட்டர். படிப்பு வந்தது, வேலை வந்தது, பிடித்தவனைக் கட்டிக்கொள்கிற தைரியம் நம் பிள்ளைகளுக்கு வந்தது, நிலம் மட்டும் நம் கையை விட்டுப் போயே போய்விட்டது.

தங்கை போட்டுவிடலாம் என்கிறாள். அவள் பெண்ணுக்குத் தையில் கல்யாணம், தாய்மாமன் சீர் கொண்டுவந்து சபையில் நிற்காவிட்டால் சம்பந்தி வீட்டில் என்ன பேசுவார்கள் என்று பயப்படுகிறாள். வருஷா வருஷம் அண்ணன் கொண்டுவருகிற பொங்கல் சீரை நீ பார்த்திருக்கிறாய், பச்சரிசி, வெல்லம், மஞ்சள் கொத்து, இரண்டு கரும்பு, வெற்றிலையில் வைத்த 500 ரூபாய். அதை வாங்கும்போது எனக்கும் கண் கலங்கும், பொய் சொல்ல மாட்டேன். பிறந்த வீட்டு வாசல் திறந்திருக்க வேண்டுமானால் பங்கை விட்டுக்கொடுத்தாக வேண்டும் என்று நம் பெண்களை இத்தனை காலம் பழக்கி வைத்திருப்பதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. ஒரு வீட்டில் தம்பி தன் பங்கைக் கேட்டால் அவனுக்கு யாரும் கதவை அடைப்பதில்லையே.

இதில் நான் அதிகம் யோசிப்பது அண்ணியைப் பற்றித்தான். அப்பா பக்கவாதத்தில் விழுந்த பிறகு அவரைப் புரட்டிப் போட்டு, துடைத்து, கஞ்சி ஊட்டியது நானில்லை, தங்கையில்லை, அண்ணனும் இல்லை. அப்பாவுக்கு முதுகில் ஒரு புண் வரவிடவில்லை அவர். ஆனால் அந்த வீட்டில் ஒரு செங்கல் கூட அவர் பேரில் இல்லை, அண்ணன் போட்டிருக்கிற திட்டத்திலும் இல்லை. 2023-ல் சென்னை உயர் நீதிமன்றம் ஒரு வழக்கில், கணவன் சம்பாத்தியத்தில் வாங்கிய சொத்தில் வீட்டைப் பார்த்துக்கொண்ட மனைவிக்கும் சம பங்கு உண்டு என்று தீர்ப்பு சொன்னது நினைவிருக்கிறதா? இங்கே இருப்பது அண்ணன் சம்பாதித்ததில்லை, அப்பா வழியில் வருவது, அந்தத் தீர்ப்பு இதற்குப் பொருந்தாது. அதனால் நான் ஒரு முடிவுக்கு வந்திருக்கிறேன். விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போடப் போவதில்லை. முறையாகப் பாகம் பிரிக்கட்டும், நிலத்தில் என் பங்கு என் பேரில் இருக்கட்டும், அண்ணனே உழட்டும், குத்தகையை மட்டும் கொடுக்கட்டும். வீட்டில் எனக்கு வருகிற பங்கை அண்ணி பேருக்கு எழுதிவிடுவேன்.

அண்ணியிடம் சொன்னேன். "எனக்கு எதுக்கு அக்கா அதெல்லாம்" என்றுதான் முதலில் சொன்னார், அப்புறம் இரவு அவரே போன் செய்து, "நிஜமா என் பேருக்கா?" என்று கேட்டார். அண்ணனிடம் இன்னும் சொல்லவில்லை, ஞாயிற்றுக்கிழமை போகிறேன். கோபப்படுவார். படட்டும், நான் பேசுகிறேன்.

உன் அப்பா சொத்தில் நீ கையெழுத்துப் போட்டாயா, யாராவது உன்னைக் கேட்டார்களா, இத்தனை வருஷத்தில் நாம் இதைப் பேசியதே இல்லை. அடுத்த கடிதத்தில் எழுது. கல்யாணத்துக்கு இரண்டு நாள் முன்பே வந்துவிடு.

அன்புடன்,
உன் தோழி