ரீசார்ஜ் இல்லாத டிஷ் பாக்ஸ்

ஆசிரியருக்கு வணக்கம்.

தேன்கனிக்கோட்டை, அஞ்செட்டி பக்கம் டிஷ் மாட்டும் தொழில் செய்கிறேன். ‘ஒரு தடவை பணம் கொடுத்தால் போதும், அப்புறம் ரீசார்ஜே வேண்டாம்’ என்று ஒரு பாக்ஸை ஊர் ஊராக விற்கிறார்கள். படம் நின்றதும் என்னைக் கூப்பிட்டு டிஷ்ஷைத் திருப்பச் சொல்கிறார்கள். டிஷ்ஷில் கோளாறே இல்லை.

கட்டணச் சேனலின் படம் செயற்கைக்கோளிலிருந்து பூட்டப்பட்டுத்தான் இறங்குகிறது. அதைத் திறக்கும் சாவி 8 பைட் கொண்ட ஓர் எண். ஏறக்குறைய 10 விநாடிக்கு ஒரு முறை மாறும். அந்தச் சாவியும் படத்தோடு சேர்ந்தே, தனியாகப் பூட்டி வருகிறது. பணம் கட்டியவரின் ஸ்மார்ட் கார்டுதான் அதைப் பிரித்துக் கொடுக்கும். இந்தப் பாக்ஸிலோ கார்டு கிடையாது. எங்கோ ஒருவர் ஒரே கார்டை சர்வரில் (நெட்டில் இணைந்த கணினியில்) செருகி வைத்திருப்பார். பூட்டிய சாவியை நம் பாக்ஸ் நெட் வழியாக அங்கே அனுப்பும், பிரித்த 8 பைட் திரும்பி வரும். இதுதான் கார்டு ஷேரிங்.

படம் நெட்டில் வராததால் டேட்டா செலவு சொற்பம். ஆனால் பதில் நேரத்துக்கு வந்தாக வேண்டும். அடுத்த சாவியை முன்கூட்டியே வாங்கி வைப்பதால் சின்னத் தடங்கல் தெரியாது. டவர் வந்து வந்து போகும் மலையோரத்தில் திரை அப்படியே நின்றுவிடும். (கேபிளும் நெட்டும் சரியாக இல்லை என்றுதானே அங்கே டிஷ் வாங்குகிறார்கள்!) ஒரே சேனலை எத்தனை வீடு பார்த்தாலும் ஒரு சாவி போதும். ஆளுக்கொரு சேனல் போட்டால் அந்த ஒற்றைக் கார்டு திணறும். கார்டு அதற்குரிய பாக்ஸோடு மட்டுமே பேசும்படி டிஷ் கம்பெனி ஜோடி சேர்த்துவிட்டால் இந்தப் பகிர்வே நின்றுபோகும்; அப்போது சர்வர்காரர் போனையே எடுக்க மாட்டார். விற்றவரிடம் பில் கேட்டுப் பாருங்கள், கிடைக்காது.

பதிப்புரிமைச் சட்டத்தில் 2012-ல் சேர்த்த 65ஏ பிரிவின்படி, இப்படிப் பூட்டை உடைப்பவருக்கு 2 ஆண்டு வரை சிறை உண்டு. சீரியல் பார்க்கும் பாட்டியை விட்டுவிட்டு விற்பவர்களைப் போலீஸ் பிடிக்கட்டும்.

மாதக் கட்டணம் இல்லாமல் பார்க்க பிரசார் பாரதியின் டிடி ஃப்ரீ டிஷ் இருக்கிறது. அதில் தமிழ்ச் சேனல்கள் குறைவாக இருப்பதுதான் இந்த வியாபாரிகளுக்கு வசதி. ஃப்ரீ டிஷ்ஷில் தனியார் சேனலுக்கு இடம் ஏலத்தில்தான் கிடைக்கிறது. நம் தமிழ்ச் சேனல்கள் அந்த ஏலத்துக்கு வர வேண்டும் என்று உங்கள் பத்திரிகை எழுத வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு டிஷ் மெக்கானிக்,
தேன்கனிக்கோட்டை, கிருஷ்ணகிரி மாவட்டம்.